முதுகில் குடல்

காசிமேட்டில் விடியற்காலை நாலேகால்.
முப்பது வெள்ளை இறால், எண்ணி வாங்கினேன்.
"தலையக் கிள்ளித் தரவா சார்?" என்றாள் எஸ்தர்.
"வேணாம்மா, தலையோட வேணும்.
மீசை ஒண்ணுகூட ஒடியக் கூடாது."
"கொழம்பு வைக்கவா, பொண்ணு பாக்கவா?"
குழம்புக்கில்லை.
இரண்டாமாண்டு விலங்கியல், செய்முறை வகுப்பு.

நேற்று ஸ்டாஃப் ரூமில்
பன்னிரண்டு பேர் தொடாத தாளில்
நான் கையெழுத்துப் போட்டேன்.
'போராட்டத்தில் பங்குபெற மாட்டேன்' என்று ஆரம்பித்து
'தங்கள் உண்மையுள்ள' என்று முடியும் தாள்.
நாலு மாதமாய்ச் சம்பளமில்லை.
கௌரவ விரிவுரையாளன் நான்;
கௌரவம் முன்னால் வந்துவிட்டது,
மற்றது வரும்.
தில்லைவல்லி தன் பேனாவை மூடினாள்.
"முதுகெலும்பில்லாத ஜென்மம்."
சத்தமாகக்கூடச் சொல்லவில்லை.

முப்பது மெழுகுத் தட்டு.
முதலில் எண்ணுங்கள் என்றேன்.
தலையில் ஐந்து, நெஞ்சில் எட்டு, வயிற்றில் ஆறு.
பத்தொன்பது கண்டம்.
"எனக்குத் தண்ணியில கண்டம்னு
ஜாதகத்துல இருக்கு சார்" என்றான் பின்வரிசை லோகபிரான்.
இறாலுக்கும் அங்கேதானடா.

ஒரே அச்சில் வார்த்த கால்கள்.
ஒரு ஜோடி மீசையானது, ஒரு ஜோடி தாடையானது,
சில நடந்தன, சில துடுப்புப் போட்டன,
கடைசி ஜோடி வாலோரம் விசிறியாய் விரிந்துகொண்டது.
தலையும் நெஞ்சும் மட்டும் ஒட்டிப்போய்
ஒரே ஓட்டுக்கடியில் குடித்தனம்.

அலமாரியில் ஃபார்மலின் புட்டிகள்.
சொறி: வெள்ளைக் குடை போல.
முன்னுமில்லை, பின்னுமில்லை,
எப்படித் திருப்பினாலும் அதே முகம்.
புறமுதுகு காட்ட அதற்கு முதுகே கிடையாது.
நட்சத்திரமீனுக்குச் சிறுவயதில் இடம் வலம் உண்டு;
வளர்ந்ததும் ஐந்தாகிவிடும்.
ஐந்தில் எந்தக் கையும் தலைவர் இல்லை.
எங்கள் சங்கத்துக்கு இதை எழுதிப் போடலாம்.
நத்தைக்குக் கண்டமே இல்லை. ஒற்றைக் கால், சொந்த வீடு,
மாதம் ஐந்தாம் தேதி கதவு தட்ட ஆளில்லை.
நாடாப்புழு:
கழுத்தோரம் புதுத் துண்டுகள் முளைத்துக்கொண்டே இருக்கும்,
பழசு வாலுக்குத் தள்ளப்பட்டு உதிரும்.
இதை நான் நீட்டி நடத்துவதில்லை,
நிர்வாகத்தின் ஞாபகம் வந்துவிடுகிறது.

மண்புழு, கடைசிப் புட்டி.
நூற்றுச் சொச்சம் வளையம்.
வளையத்துக்கு வளையம் குறுக்குச் சுவர்,
ஒவ்வோர் அறைக்கும் தனிக் கழிவுக் குழாய்,
தனியாய் ஒரு நரம்பு முடிச்சு.
எலும்பு என்று சொல்ல ஒன்றுமில்லை.
உள்ளே அடைபட்ட நீரை அழுத்தி அழுத்தி
இறுகிய மண்ணைத் துளைக்கிறது.

"சார், நரம்பு கெடச்சிருச்சு!"
மெஹருன் இடுக்கியைத் தூக்கிப் பிடித்தாள்.
இறாலின் முதுகைக் கீறி உருவிய
கறுப்பு நூல்.
"எங்க வீட்ல இதத்தான் நரம்புன்னு எடுத்துப் போடுவோம்."
வண்ணாரப்பேட்டை முழுக்க அப்படித்தான் எடுத்துப் போடுகிறது.
அது குடல், என்றேன்.
முதுகில் ஓடுவது குடல்.
"அப்ப நரம்பு?"
திருப்பிப் போடு.
வயிற்றோரம், தசைக்கு அடியில் பார்.
வெள்ளையாய், மயிரிழைபோல், முடிச்சு முடிச்சாய்.
நமக்குத்தான் முதுகில் நரம்பு, வயிற்றில் குடல்.
இவைக்கு மாறி.

சொல்லிவிட்டுக் கொஞ்சநேரம்
கரும்பலகையைத் துடைத்துக்கொண்டிருந்தேன்.
அதில் ஒன்றும் எழுதியிருக்கவில்லை.

சாயங்காலம் மழை.
கேட்டுக்கு வெளியே பன்னிரண்டு பேர்,
ஒரு நீலத் தார்ப்பாய்.
மூன்று மூலைக்குத்தான் கம்பு கிடைத்திருந்தது.
நாலாவது
காற்றில் படபடவென்று அடித்துக்கொண்டிருந்தது.
இறால் வாடை போகாத கையால்
அதைப் பிடித்தேன்.
"பஸ் வர்ற வரைக்கும்."
தில்லைவல்லி என்னைப் பார்க்காமல்
பையை நனையாத பக்கம் நகர்த்தி வைத்தாள்.

ராயபுரம் பஸ் ஒன்று போனது.
இன்னொன்றும்.